சிந்துஜா சொல்லித் தந்த வாக்கியம்

ஏப்ரல் 27, 2011, புதன்

எல்லோரும் படுத்துவிட்டார்கள். குளியலறைக் கதவைப் பூட்டிக்கொண்டு, உடுப்புத் தோய்க்கும் மெஷினின் மேல் கொப்பியை வைத்து எழுதுகிறேன். மாமி கண்டால் ஏசுவா. பழையதைக் கிளறினால் விசர் பிடிக்கும் என்பது அவவின் எண்ணம். சிந்துஜா கண்டால் பயமில்லை. அவள் இங்கே ஜெர்மனியிலேயே பிறந்தவள். சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளிக்குப் போகிறாள்தான், ஆனாலும் அச்செழுத்தையே விரல் வைத்துக் கூட்டித்தான் வாசிப்பாள். என் கையெழுத்து அவளுக்குப் புழு ஊர்ந்த மாதிரி.

சிந்துஜா மாமாவின் மகள், எனக்கு மச்சாள். என் வயதுதான், பதின்மூன்று. இரண்டு பேரும் ஒரே வகுப்பு. நான் போன ஒக்டோபரில் வந்ததிலிருந்து அவளுடைய அறையில் படுக்கிறேன். ஜன்னலடியில் இருந்த அவளுடைய மேசையைத் தூக்கிவிட்டுத்தான் என் கட்டிலைப் போட்டார்கள். அதற்காக அவள் என்னை ஒரு நாளும் ஏசவில்லை. பள்ளியில் எனக்கு எல்லாவற்றையும் தமிழில் சொல்வதும், நான் சொல்வதை ஜெர்மனில் சொல்வதும் அவள்தான். அவள் இல்லாவிட்டால் நான் ஊமை.

இன்றைக்கு ஹோல்ஸ் ரீச்சர் ஒரு பெரிய படத்தைக் காட்டினா. வெள்ளை மேலங்கியும் தலைக்கவசமும் போட்ட பிள்ளைகள் இருட்டான குகை ஒன்றுக்குள் சிரித்துக்கொண்டு நின்றார்கள். வகுப்பு முழுக்கக் கத்திக் கை தட்டியது.

"மே பதினெட்டு எல்லாரும் உப்புச் சுரங்கம் பாக்கப் போறம்," என்றாள் சிந்துஜா. "மண்ணுக்குக் கீழ. லிஃப்ற்றில போகவேணும்."

"மண்ணுக்குக் கீழயோ?"

"ஓம். கீழ, கீழ, கீழ."

கதிரைக் காலில் என் கால்கள் இரண்டையும் சுற்றிக்கொண்டேன்.

மே 2, திங்கள்

மாமியிடம் கேட்டேன். மாமி வயோதிபர் இல்லத்தில் துப்புரவு வேலை. வேலையால் வந்து காலை வெந்நீருக்குள் வைத்துக்கொண்டிருந்தா.

"மாமி, நான் அந்தப் பயணத்துக்குப் போகாமல் நிக்கட்டோ?"

"ஏன், என்ன வருத்தம்?"

"மண்ணுக்குக் கீழ எண்டு சொல்லினம்."

"தேனுகா, இஞ்ச பார். பள்ளிக்கூடம் போகச் சொன்னாப் போகத்தான் வேணும். போகாட்டி கடிதம் வரும். கடிதம் வந்தா அந்த மனுசி வருவா."

அந்த மனுசி என்றால் சிறுவர் அலுவலகத்துப் பெண். நான் இந்த வீட்டில் நல்லாக இருக்கிறேனா என்று பார்த்துவிட்டுப் போகிறவ. நல்லாக இல்லை என்று கண்டால் வேறு இடத்தில் கொண்டுபோய் விடுவார்களாம்.

"நீ சந்தோசமா இருக்கிறாய் எண்டு நாங்கள் எழுதிக் குடுத்திருக்கிறம். மாமாவைத் தலை குனிய வைக்காத. விளங்குதோ?"

விளங்கியது.

அறைக்குள் வந்ததும் சிந்துஜா தானாகவே கேட்டாள். "பயமோ உனக்கு? அப்ப ரீச்சரிட்ட நீயே சொல்லு. நான் சொன்னா நம்பமாட்டா. உனக்கு நான் சொல்லித் தாறன். இஷ் ஃப்றொய மிஷ். எனக்குப் பயமா இருக்கு எண்டு அர்த்தம்."

தொண்டைக்குள் இருந்து எடுக்கவேண்டிய 'ற' எனக்கு வரவில்லை. வரும் வரைக்கும் பொறுமையாகச் சொல்லித் தந்தாள். பிறகு தன்னுடைய சொக்லேற்றில் பாதியை உடைத்துத் தந்தாள். சிந்துஜா நல்லவள்.

மே 3, செவ்வாய்

சொன்னேன். ஹோல்ஸ் ரீச்சரின் முகம் பூத்துவிட்டது. என் கன்னத்தைத் தடவினா. வகுப்பைப் பார்த்து என்னவோ சொன்னா. எல்லோரும் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள். பயந்த பிள்ளையைக் கண்டு இவ்வளவு மகிழ்கிற ஒருவரை இன்றைக்குத்தான் காண்கிறேன்.

"பயப்படாத எண்டு சொல்றா," என்றாள் சிந்துஜா.

"அப்ப நான் போகத் தேவையில்லையோ?"

"ஒருக்காச் சொன்னாக் காணாது. திரும்பத் திரும்பச் சொல்லவேணும். இஞ்சத்தைய ஆக்கள் அப்பிடித்தான்."

அவளுடைய சிநேகிதி லெயா பின்வாங்கில் வாயைப் பொத்திக்கொண்டு இருந்தாள். பல்லு வலியாக இருக்கும்.

மே 6, வெள்ளி

இன்றைக்கும் சொன்னேன். இந்த முறை அழுதுகொண்டு சொன்னேன். ரீச்சர் என்னைக் கட்டிப்பிடித்துத் தானும் கண்ணைத் துடைத்தா.

மே 11, புதன்

ஜூன் நாலாம் தேதி தமிழ்ப் பள்ளியின் ஆண்டு விழா. சிந்துஜா பேச்சுப் போட்டியில் நிற்கிறாள். தலைப்பு 'என் அன்னை'. ஊரில் நான் பேச்சுப் போட்டியில் முதலாவதாக வந்தவள் என்று மாமா சொல்லிவிட்டார். எனவே எழுதிக் கொடுப்பது என் வேலை.

நான் வாசிக்க வாசிக்க அவள் ஜெர்மன் எழுத்தில் எழுதிக்கொண்டாள். நடுவில் நடுவில் நிறுத்தினாள்.

"ஈன்றெடுத்த எண்டா என்ன?"

"பெத்த."

"அப்ப பெத்த எண்டே சொல்லலாம்தானே?"

"மேடையில அப்பிடிச் சொல்லேலாது. சிரிப்பினம்."

"ஐயோ, உங்கட தமிழ்! வீட்டில ஒண்டு, மேடையில ஒண்டு." அவள் கட்டிலில் மல்லாந்து விழுந்து சிரித்தாள். நானும் சிரித்தேன்.

அன்னை என்று எத்தனையோ தடவை எழுதினேன். எனக்கு ஒன்றும் செய்யவில்லை. எங்கள் வீட்டில் யாரும் அம்மாவை அன்னை என்று கூப்பிட்டதில்லை.

படுக்கப் போகும்போது சிந்துஜா ஒரு செய்தி சொன்னாள். சுரங்கத்துக்குள் இறங்கும் முதல் லிஃப்ற்றில், ரீச்சருக்குப் பக்கத்தில், எனக்கு இடமாம்.

"ஏன் எனக்கு?"

"நீ பயம் எண்டு சொன்னாய்தானே. பயந்த ஆக்களைத்தான் முன்னுக்கு விடுறது."

அப்படித்தான் இருக்கும். ஊரில் சண்டையின் கடைசி மாதங்களில் கப்பல் வந்தபோதும் காயக்காரரைத்தான் முதலில் ஏற்றினார்கள்.

மே 15, ஞாயிறு

நித்திரை வரவில்லை. நாளைக்கு நாளைக்கு என்று தள்ளிவிட்டதை எழுதிவிடுகிறேன்.

முள்ளிவாய்க்காலில் பங்கர் வெட்டுவது சுலபம். கடற்கரை மணல், கையாலேயே கிண்டலாம். ஆனால் ஆழமாக வெட்டக் கூடாது, அடியில் தண்ணீர் ஊறும். உப்புத் தண்ணீர். காலெல்லாம் ஊறிப் புண் வரும். அம்மா தன்னுடைய சேலைகளைப் பையாகத் தைத்து மணல் நிரப்பிச் சுற்றிவர அடுக்கினா. கூறைச் சேலையையும் வெட்டினா. கடைசியில் கஞ்சிதான். அதற்குப் போட உப்பில்லை. தம்பி ஒவ்வொரு வாய்க்கும் "உப்புப் போடு" என்பான். காலடியில் ஊறுவது முழுக்க உப்பு, குடிக்கிற கஞ்சியில் இல்லை என்று அம்மா ஒருமுறை சிரித்தா.

செல் குண்டு விழுந்தால் அம்மா எங்கள் இரண்டு பேருக்கும் மேலே படுப்பா. அன்றைக்கும் படுத்தா. மணல்தானே, ஒரு பக்கம் சரிந்தால் எல்லாம் சரியும். என்னைத்தான் முதலில் காலில் பிடித்து இழுத்தார்கள்.

இங்கே வந்த பிறகு புத்தாண்டு இரவு வெடி கொளுத்தினார்கள். நான் குசினி மேசைக்குக் கீழே போய்விட்டேன். "பங்கருக்க வாங்கோ" என்று கத்தினேனாம். அதென்ன பங்கர் என்று சிந்துஜா கேட்டாள். மாமா சொன்னார்: "செல்லடிக்கு மண்ணுக்க ஒளிக்கிற கிடங்கு. இஞ்சத்தைய ஆக்களும் அதே சொல்லுத்தான் சொல்லுறவை. புங்கர் எண்டு."

அன்றிரவு என் சத்தத்தால் சிந்துஜாவுக்கு நித்திரையில்லை. விடுமுறை முடிந்து பள்ளிக்குப் போன முதல் நாளும் வழி முழுக்க அவள் என்னோடு கதைக்கவில்லை.

மே 17, செவ்வாய்

நாளைக்கு. இஷ் ஃப்றொய மிஷ். இஷ் ஃப்றொய மிஷ். இஷ் ஃப்றொய மிஷ்.

மே 18, புதன்

எல்லோரும் படுத்த பிறகு எழுதுகிறேன்.

மேலங்கி எனக்குப் பெரிது. ரீச்சர் முழங்காலில் நின்று கால் நுனியை மடித்துவிட்டா. லிஃப்ற் கதவு இரும்புக் கம்பிக் கதவு. கடைசியாக ஒரு தடவை சொன்னேன். ரீச்சர் சிரித்து என் கையைப் பிடித்துக்கொண்டு உள்ளே ஏறினா. காது அடைத்தது. கண்ணை மூடி அம்மாவின் சேலைகளை ஒவ்வொன்றாக நினைத்தேன். பச்சை, ஊதா, மாம்பழ நிறம்.

கீழே போய்க் கண்ணைத் திறந்தால் அது கிடங்கு இல்லை. கோயில் மண்டபத்தை விட உயரம். சாம்பல் நிறச் சுவரில் வெள்ளை வெள்ளையாகக் கோடு. மண் வாசனை இல்லை, ஈரம் இல்லை. இந்தச் சுவர் சரியாது என்று நினைத்தேன். மூச்சு வந்தது. எங்களைக் கூட்டிக்கொண்டு போனவர் பெரிய மீசைக்காரர். சுவரை நக்கிப் பார்க்கச் சொன்னார். எல்லோரும் நக்கினார்கள். நானும் நக்கினேன். அவ்வளவு பெரிய மலையும் உப்பு. எங்கு தொட்டாலும் உப்பு. தம்பிக்கு ஒரு கை அள்ளிக் கொடுத்தால் போதும்.

அதற்குப் பிறகு ஒரு நீட்டு அறை. மீசைக்காரர் நெடுநேரம் கதைத்தார். சிந்துஜா என் காதுக்குள் சொன்னாள்: "இப்ப பாட்டுப் போடப்போகினம். லைற்றை நிப்பாட்டுவினம், வடிவாக் கேக்கவேணுமெண்டு. காதைப் பொத்தாத, அவருக்குக் கோவம் வரும்."

வெளிச்சம் போவதற்கு முன் லெயா இரண்டு காதையும் பொத்துவதைக் கண்டேன். பாட்டுக்கு ஏன் காதைப் பொத்துகிறாள் என்று யோசித்து முடிக்கவில்லை.

ஒரு சங்கு ஊதியது. பிறகு செல் விழுந்த மாதிரி அடித்தது. நிலம் அதிர்ந்தது. பக்கத்தில் நின்றது யாரென்று தெரியாது. இழுத்து விழுத்தி அந்த உடம்புக்கு மேலே படுத்தேன். அம்மா படுப்பது போல, தலையை என் நெஞ்சுக்குக் கீழே அமத்திப் பிடித்துக்கொண்டு, "பங்கருக்க வாங்கோ, எல்லாரும் பங்கருக்க வாங்கோ" என்று கத்தினேன். கீழே கிடந்தவள் திமிறத் திமிற இன்னும் இறுக்கினேன்.

வெளிச்சம் வந்தது. அது சிந்துஜா. என் மேலங்கி நனைந்திருந்தது. அவளுடையதும் நனைந்திருந்தது, என்னால்.

முதலில் லெயா சிரித்தாள். பிறகு எல்லோரும். அந்த அறைக்குள் சிரிப்பு நாலு பக்கமும் பட்டுப் பட்டுத் திரும்பி வந்தது. முன்பு உப்பை எப்படி வெடி வைத்து உடைத்து எடுத்தார்கள் என்று காட்டுகிற சத்தமாம் அது. பதிவு செய்து வைத்தது.

ஆனால் ஹோல்ஸ் ரீச்சர் சிரிக்கவில்லை. ஓடி வந்து குந்தினா. "புங்கர்?" என்று கேட்டா.

"யா! யா! பங்கர்!" என்றேன். இந்த நாட்டுக்கு வந்த பிறகு யாரும் மொழிபெயர்க்காமல் ஒருவருக்கு நான் சொன்னது விளங்கியது அதுதான் முதல் தடவை. ரீச்சரின் முகம் வெளிறிப்போனது. என் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டு, திரும்பிச் சிந்துஜாவிடம் மெல்ல என்னவோ கேட்டா.

சிந்துஜா மேலங்கியைத் துடைத்துக்கொண்டு நின்றாள். என்னைப் பார்த்தாள். லெயாவைப் பார்த்தாள். பிறகு சின்னதாக ஒன்று சொன்னாள்.

ரீச்சரின் முகம் இளகிவிட்டது. "ஆ!" என்றா. என்னை எழுப்பிக் கூட்டிக்கொண்டு போனா. மூலையில் நீலப் பிளாஸ்ரிக் கழிவறை ஒன்று இருந்தது. கதவைத் திறந்து, "புங்கர்," என்று அன்பாகச் சொல்லி உள்ளே காட்டினா.

இவர்களுடைய பங்கர் இதுதானாக்கும் என்று உள்ளே போய், தலையை முழங்காலுக்குள் வைத்துக்கொண்டு இருந்தேன். ரீச்சர் தட்டும் வரைக்கும் இருந்தேன்.

மேலே வந்ததும் ஆளுக்கொரு சின்னப் பை உப்புத் தந்தார்கள். பின்னேரம் மாமா முள்ளிவாய்க்காலில் செத்தவர்களுக்கு விளக்கேற்றும் கூட்டத்துக்குப் போனார். என்னைக் கூட்டிக்கொண்டு போகவேண்டாம், கத்துவாள் என்று மாமி சொல்லிவிட்டா. உப்புப் பையைக் கண்டு, "நல்ல உப்பு," என்று போத்தலுக்குள் கொட்டினா.

மே 20, வெள்ளி

வகுப்பில் கழிவறைக்குப் போகிறவர்கள் எல்லோரும் கையை உயர்த்தி "புங்கர்" என்கிறார்கள். எல்லோரும் சிரிக்கிறார்கள். இடைவேளையில் ரீச்சர் என்னிடம் வந்து, "புங்கர்?" என்று தலையைச் சாய்த்துக் கேட்டு, கழிவறைப் பக்கம் கையைக் காட்டுகிறா. ஒவ்வொரு இடைவேளையும்.

சிந்துஜா வீட்டில் முன்பு போலவே இருக்கிறாள். நேற்று என் தலைமுடியைப் பின்னிவிட்டாள்.

மே 24, செவ்வாய்

மாமாவின் கைத்தொலைபேசி அடித்தது. உணவகத்து முதலாளி. மாமா எழும்பி நின்றுதான் அந்த மனிதனோடு கதைப்பார். கதைத்துவிட்டுக் கடைசியில் முகமெல்லாம் சிரிப்பாக, "இஷ் ஃப்றொய மிஷ்! இஷ் ஃப்றொய மிஷ்!" என்றார்.

"மாமா, முதலாளி ஏசிப்போட்டாரோ?"

"ஏசவோ? இரவு வேலையை விட்டுப் பகல் வேலைக்கு வரட்டாம் பிள்ளை!"

"அப்ப ஏன் பயமா இருக்கெண்டு சொன்னீங்கள்?"

"ஆர் பயமெண்டது?" மாமா சிரித்தார். "ஃப்றொய மிஷ் எண்டா சந்தோசம். வரப்போற ஒண்டை நினைச்சு, எப்ப வரும் எப்ப வரும் எண்டு ஆசையா இருக்கிறது."

அடுப்பில் பால் பொங்கி வழிந்தது. நிறுத்திவிட்டு வந்து கேட்டேன்.

"பயத்துக்கு என்ன சொல்றது?"

"ஆங்ஸ்ற்."

"கழிவறைக்கு?"

"ரொய்லெற்றே. ஏன் பிள்ளை?"

"சும்மா. படிக்கத்தான்."

எப்ப போவோம், எப்ப போவோம் என்று ஒவ்வொரு நாளும் ரீச்சரிடம் அழுதழுது கேட்டிருக்கிறேன். பங்கர் என்றால் எங்கள் மொழியில் கழிவறை என்று சிந்துஜா அந்தச் சுரங்கத்துக்குள் சொல்லியிருக்கிறாள். ஆங்ஸ்ற் என்பது எவ்வளவு சின்னச் சொல். முதல் நாளே வாயில் வந்திருக்கும்.

சிந்துஜாவிடம் நான் ஒன்றும் கேட்கவில்லை.

மே 28, சனி

தமிழ்ப் பள்ளியில் சிந்துஜாவின் பேச்சு நன்றாக இருக்கிறதாம், முடிவு மட்டும் சப்பென்று இருக்கிறதாம். "கடைசியா ஒரு வரி நல்லாச் சேர்த்துக் குடு," என்றா மாமி. "சபை எழும்பி நிக்கவேணும்."

யோசிக்கிறேன் என்றேன்.

ஜூன் 1, புதன்

கடைசி வரியை அச்செழுத்து மாதிரி எழுதி இன்றைக்குக் கொடுத்தேன்.

"என் அன்னை ஒரு கைம்பெண்," என்று சிந்துஜா எழுத்துக் கூட்டினாள். "கைம்பெண் எண்டா என்ன?"

"கை எண்டா?"

"கை." அவள் தன் கையைத் தூக்கிக் காட்டினாள்.

"பெண் எண்டா?"

"பொம்பிளை."

"அதுதான். எல்லாருக்கும் கை குடுக்கிற பொம்பிளை. மேடைத் தமிழ்."

சிந்துஜா அதைத் தனக்குள் சொல்லிப் பார்த்தாள். அவளுடைய முகம் திடீரென்று குழந்தையின் முகம் போல ஆகியது. "நல்ல சொல்லு," என்றாள். "அம்மா அங்க அந்தக் கிழவிமாருக்கெல்லாம் கை குடுத்து நடத்துறவதானே. உனக்கும் குடுத்தவதானே." கொஞ்சம் பொறுத்து, "இதை அம்மாக்கு இப்ப சொல்லாத. மேடையிலதான் கேக்கவேணும். அழுவா," என்றாள்.

"அழுவா," என்றேன்.

ஜூன் 3, வெள்ளி

மாமி நாளைக்கு உடுக்கப்போகும் சேலையைக் கட்டிப் பார்த்தா. குங்கும நிறம், பொன் கரை. பெரிய பொட்டு வைத்து, தாலிக்கொடியை வெளியே எடுத்துவிட்டு, மாமாவுக்கு முன்னால் நின்று திரும்பித் திரும்பிக் காட்டினா. மாமா நாளைக்கு வேலைக்கு லீவு. இரண்டு பேருக்கும் முதல் வரிசையில் இடம். நல்ல வடிவாக இருக்கிறீங்கள் மாமி என்று சொன்னேன். மாமி என் நாடியைத் தடவினா. இந்த வீட்டுக்கு வந்த பிறகு அப்படித் தடவியது இன்றைக்குத்தான்.

கொஞ்ச நேரம் குசினிக்குள் போய் நின்றேன். உப்புப் போத்தலைத் திறந்து விரலால் தொட்டு நாக்கில் வைத்தேன். பிறகு அறைக்கு வந்துவிட்டேன்.

சிந்துஜா கதவைச் சாத்திக்கொண்டு கடைசி வரியைத் திரும்பத் திரும்பச் சொன்னாள். கையை நெஞ்சில் வைத்து, பிறகு சபையைப் பார்த்து விரித்து, "என் அன்னை ஒரு கைம்பெண்!" அவளுடைய 'ண்' இவ்வளவு சுத்தமாக ஒரு நாளும் வந்ததில்லை. நான் அவளுக்குப் பொறுமையாகத்தான் சொல்லித் தந்தேன்.

"நாளைக்கு முன்னுக்கு இரு, என்ன?" என்றாள். "மறந்தா உன்ர முகத்தைத்தான் பாப்பன்."

"இஷ் ஃப்றொய மிஷ்," என்றேன்.

அவள் கட்டிலில் விழுந்து விழுந்து சிரித்தாள். சிரித்து முடிந்ததும் எழும்பி வந்து என் தோளில் கை போட்டாள்.

"நீ ஏன்டி பயப்பிடுறாய்?" என்றாள். "மேடையில நிக்கப்போறது நான்தானே."